பரணுக்குப் பலகை

"பழைய ஓட்டு வீடு ஒன்று வாங்கியிருக்கிறோம், அக்கா. கூடத்தை ஒட்டிய அறையில் பரண் இருக்கிறது. மூங்கில் வரிச்சல்தான் பரப்பியிருக்கிறார்கள். அதை எடுத்துவிட்டுப் பலகை அடித்தால் சாமான் அத்தனையையும் மேலே ஏற்றிவிடலாம் என்று நினைக்கிறேன். செய்யலாமா?" என்று மன்னார்குடிப் பக்கத்திலிருந்து ஒரு சகோதரி கேட்டிருக்கிறார். கடிதத்தின் கடைசியில், கையில் ஆறு மாதக் குழந்தை என்று ஒரு வரி.

ஊறுகாயில் பூசணம், அரிசியில் வண்டு என்று வரும் கடிதங்களுக்கெல்லாம் அன்றைக்கே பதில் எழுதிவிடுவேன். இந்தக் கடிதத்தை மட்டும் இரண்டு நாள் மேஜை மேலேயே வைத்திருந்தேன். என் இடது முழங்காலுக்குக் கீழே ஒரு சாண் நீளத்துக்கு ஒரு தழும்பு இருக்கிறது. அதைத் தடவிப் பார்த்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன்.

செய்யலாம், சகோதரி. தாராளமாகச் செய்யலாம். ஆனால் நான் முதல் தடவை செய்த மாதிரி வேண்டாம்.

2013-ல் தீபாவளி முடிந்த கையோடு எனக்கும் இதே யோசனை வந்தது. என் பெண்ணுக்குக் கார்த்திகையில் வளைகாப்பு. அது முடிந்ததும் தலைப் பிரசவத்துக்கு நம் வீட்டுக்கு வந்துவிடுவாள். அவளுக்கு என்று ஒதுக்கிய அறையில் கட்டில் போட இடம் இல்லாமல் டிரங்குப் பெட்டியும் அண்டாவும் அடைத்துக்கொண்டிருந்தன. தலைக்கு மேலே பரண். அதில் என் மாமியார் காலத்து மூங்கில் வரிச்சல். இடுக்கு வழியாக எந்நேரமும் தூசு உதிர்ந்துகொண்டே இருக்கும். எலிப் புழுக்கைகூட விழும். பச்சைக் குழந்தை படுக்கப்போகிற இடமாயிற்றே என்று பலகை போடத் தீர்மானித்தேன்.

தீர்மானித்தது சரி. செய்த விதம்தான் அசட்டுத்தனம். பக்கத்துத் தெருவில் ஒரு கட்டட வேலை முடிந்து, சென்ட்ரிங் பலகைகளைச் சல்லிசாகக் கொடுத்தார்கள். கான்கிரீட் போடும்போது அடியில் முட்டுக்கொடுத்து அடிப்பார்களே, அந்தப் பலகை. சிமெண்ட் ஒட்டிக்கொண்டு, ஆணி பிடுங்கிய ஓட்டையோடு, வெயிலிலும் மழையிலும் கிடந்து முறுக்கிப்போனவை. "இது எதுக்கு ஆகும்?" என்று என் வீட்டுக்காரர் கேட்டார். "மேலேதானே இருக்கப் போகுது, யார் பாக்கப் போறாங்க?" என்றேன். வீட்டு வேலைக்கு வந்த பையனைக் கொண்டு வரிச்சலை எடுத்துவிட்டு, சட்டங்களின் மேல் பலகைகளை வரிசையாக வைத்தாயிற்று. வைத்தாயிற்று என்றுதான் சொல்கிறேன், அடிக்கவில்லை. நீளமான பலகைகளை அறுக்கவும் இல்லை. நல்ல பலகையை ஏன் வீணாக்க வேண்டும் என்ற சிக்கனம்! ஆறடிப் பலகை ஒன்று கடைசிச் சட்டத்தையும் தாண்டி ஒன்றேகால் அடி வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. அன்று மாலையே கீழே கிடந்த சாமான் எல்லாம் மேலே போய்விட்டது. அறை பளிச்சென்று ஆகிவிட்டது. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

மார்கழி பிறந்தது. பெண்ணுக்கு எட்டாம் மாதம். என் குழந்தைகளைப் போட்ட தூளியின் தொட்டில் கட்டை பரணில் இருந்தது. அதை எடுத்துத் துடைத்து வைக்கலாம் என்று ஏணி போட்டு ஏறினேன். கீழே பாயில் உட்கார்ந்து அவள் அவரைக்காய் ஆய்ந்துகொண்டிருந்தாள். "நகர்ந்து உக்காருடீ, தூசு விழும்" என்றேன். முறத்தை எடுத்துக்கொண்டு வாசற்படிக்குப் போய் உட்கார்ந்தாள்.

தூசுக்காகத்தான் சொன்னேன். வேறு எதையும் நான் நினைக்கவில்லை.

மேலே முழங்கால் போட்டு நகர்ந்து, அந்த நீட்டிக்கொண்டிருந்த நுனியில் காலை ஊன்றியதுதான் தெரியும். ஏற்றக் கட்டை மாதிரி பலகையின் மறுமுனை ஜிவ்வென்று தூக்கிக்கொண்டது. நான் பக்கத்திலிருந்த விட்டத்தைக் கட்டிப் பிடித்துக்கொண்டேன். பலகையின் விளிம்பு காலைச் சீவிக்கொண்டு போயிற்று. மறுமுனையில் வைத்திருந்த இரும்பு உரல், மருந்துச் சரக்கு இடிக்கிற சின்ன உரல்தான், சறுக்கி வந்து என்னைத் தாண்டி விழுந்தது. சிமெண்ட் தரையில் ஒரு தேங்காய் மூடி அளவுக்குப் பள்ளம். அவரைக்காய்த் தோல் இரண்டு மூன்று அந்தப் பள்ளத்தின் ஓரத்தில் ஒட்டிக்கிடந்தன.

என் மாப்பிள்ளை பின்னால் கணக்குப் போட்டுச் சொன்னார்: ஒன்பதடி உயரத்திலிருந்து விழும் பொருள் தரையைத் தொடும்போது மணிக்கு ஏறக்குறைய 26 கிலோமீட்டர் வேகத்தில் இருக்குமாம். ஒன்பது கிலோ இரும்பு, அந்த வேகத்தில். இதற்கு மேல் நான் சொல்லப் போவதில்லை. அந்த இடத்துக்கு நேர் மேலே இருந்த விட்டத்தில்தான் தூளிக்குக் கொக்கி போட்டிருந்தோம் என்பதை மட்டும் சொல்லிவிடுகிறேன்.

காலுக்குத் தையல் போட்டுக்கொண்டு வந்த மறுநாள் எங்கள் குடும்பத்துக்கு வழக்கமாக வரும் ஆசாரியைக் கூப்பிட்டோம். வயதானவர். பரணை அண்ணாந்து பார்த்தார், என் காலைப் பார்த்தார். "பலகை மேல படுத்துக் கிடந்தா அது பரண் ஆயிடுமாம்மா? நாலு பேரு கையைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிற மாதிரி ஒண்ணை ஒண்ணு பிடிச்சு நிக்கணும். முதல்ல எல்லாத்தையும் இறக்குங்க. மரம் என்ன சொல்லுதுன்னு பாக்கணும்" என்றார்.

இறக்கினோம். அப்போது தெருவில் வந்த பழைய பேப்பர்க்காரரைக் கூப்பிட்டு, அவருடைய தராசிலேயே ஒவ்வொன்றாக நிறுக்கச் சொன்னேன். இது என் சொந்த யோசனை, இதை மட்டும் பெருமையாகச் சொல்லிக்கொள்ளலாம். பித்தளை அண்டா இரண்டும் 26 கிலோ. வெண்கலப் பானையும் உருளியும் 19. கொலுப் பெட்டிகள் நாலும் சேர்த்து 48. ரஜாயும் ஜமக்காளமும் திணித்த டிரங்குப் பெட்டி 32. உரல் 9. பழைய புத்தகக் கட்டுகள் 71 (நம் பத்திரிகையின் இதழ்களும் அதில் உண்டு). மொத்தம் 205 கிலோ. இருபத்தைந்து கிலோ அரிசி மூட்டை எட்டு, மேலே ஓர் ஐந்து கிலோ. எட்டு மூட்டை அரிசியைக் கொண்டுபோய்ப் பெண் படுக்கிற அறையில், தூளிக்கு நேர் மேலே அடுக்கு என்று யாராவது சொன்னால் செய்வோமா? கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றினதால் தெரியவில்லை. புத்தகத்தின் கனம் இருக்கிறதே, அது ரொம்பவும் ஏமாற்றும். அண்டாவைத் தூக்க இருவரைக் கூப்பிடுகிற நாம், புத்தகக் கட்டை ஒவ்வொன்றாக நாமே ஏற்றிவிடுகிறோம்.

இனி ஆசாரி என்ன செய்தார் என்று கேளுங்கள். நான் பக்கத்திலேயே முக்காலி போட்டு உட்கார்ந்து பார்த்தேன்.

முதலில் பலகையைத் தொடவே இல்லை. விட்டத்தையும் சட்டங்களையும் உளியின் பின்பக்கத்தால் தட்டிக்கொண்டே போனார். நல்ல மரம் 'ணங்'கென்று சொல்லும். உளுத்த மரம் 'தொப்'பென்று சொல்லும். சந்தேகமான இடத்தில் திருப்புளியின் நுனியை வைத்து அழுத்தினார். வெண்ணெயில் போகிற மாதிரி ஓர் இடத்தில் அரை அங்குலம் உள்ளே போயிற்று. சுவருக்குள் நுழையும் இடம்தான் அது. மரம் முதலில் கெடுவது அங்கேதானாம். சுவரின் ஈரம் ஏறும், காற்று படாது, கரையான் சுவர் வழியாக மண் கோடு இழுத்துக்கொண்டு வந்து அங்கேதான் புகும். வெளியே பார்க்க மரம் முழுசாக இருக்கும், உள்ளே சக்கை. அந்தச் சட்டத்தை மாற்றியே ஆகவேண்டும் என்றார். மாற்றினோம். புதுச் சட்டத்தின் முனை சுவருக்குள் நாலு அங்குலத்துக்குக் குறையாமல் உட்கார வேண்டும் என்று அளந்து வைத்தார். முனையில் முந்திரிக்கொட்டை எண்ணெய் தடவினார். பழைய காலத்திலிருந்து மரத்துக்குப் பூசி வருவதுதான். ஆனால் கையில் பட்டால் தோல் வெந்து கொப்பளித்துவிடும். குழந்தைகளையும் கர்ப்பிணிப் பெண்களையும் அந்தப் பக்கமே விடாதீர்கள். பூசுகிறவரும் உறை போட்டுக்கொள்ள வேண்டும்.

அடுத்து ஒரு சரடு. விட்டத்தின் அடிப்பக்கத்தில் இந்த முனைக்கும் அந்த முனைக்கும் விறைப்பாகச் சரடு கட்டி, நடுவில் விட்டம் எவ்வளவு தொய்ந்திருக்கிறது என்று பார்த்தார். எங்களுடையது பத்தடி விட்டம். கால் அங்குலம் போலத் தொய்வு இருந்தது. "இத்தனை வருசத்துக்கு இது பரவாயில்ல. அரை அங்குலத்துக்கு மேல போயிருந்தா பாரம் ஏத்த நான் சம்மதிக்க மாட்டேன்" என்றார். பிறகு அந்த அளவைச் சுவரில் பென்சிலால் எழுதச் சொன்னார். சாமானைத் திரும்ப ஏற்றும்போது பாதியை மட்டும் ஏற்றி, ஒரு வாரம் விட்டு, மறுபடி சரடு கட்டிப் பார்க்க வேண்டும். தொய்வு கூடியிருந்தால் மீதியை ஏற்றக் கூடாது. மரம் இன்றைக்குத் தாங்கிவிட்டது என்பதால் நாளைக்கும் தாங்கும் என்று இல்லை. பாரம் நாள்பட இருக்க இருக்க மெள்ள மெள்ள வளையும்.

"எத்தனை கிலோ ஏற்றலாம்?" என்று ஒரே பேச்சில் கேட்டால் பதில் கிடையாது, சகோதரி. உங்கள் மரம் என்ன மரம், எத்தனை கனம், சுவரிலிருந்து சுவருக்கு எத்தனை தூரம் என்பதைப் பொறுத்தது அது. நேரில் பார்க்காமல் எண்ணைச் சொல்கிறவரை நம்பாதீர்கள். ஒன்று மட்டும் எல்லா வீட்டுக்கும் பொருந்தும். விட்டத்தின் நடுவில் வைக்கிற பாரம்தான் அதை அதிகமாக வளைக்கும். சுவரை ஒட்டி வைத்தால் பாரத்தின் பெரும்பங்கைச் சுவர் வாங்கிக்கொள்ளும். ஆகவே கனமானவை சுவரோரம். நடுவில் தலையணை, காலிக் கூடை, பாய் இந்த மாதிரி லேசானவை.

இனிமேல்தான் பலகை. சென்ட்ரிங் பலகை அத்தனையும் வெந்நீர் அடுப்புக்குப் போயிற்று. மர டெப்போவில் காய்ந்த வேப்பம் பலகை, ஓர் அங்குல கனத்தில் வாங்கினோம். தேக்குக்கெல்லாம் நம்மால் ஆகாது. வேம்பில் பூச்சி சீக்கிரம் விழாது, விலையும் தாங்கக்கூடியது. சட்டங்கள் இரண்டே கால் அடிக்கு ஒன்றாக இருந்தன. இடையில் புதிதாகச் சட்டம் கொடுத்து ஒன்றரை அடிக்கு ஒன்று வரும்படி செய்தார். நடக்கும்போது பலகை தொய்யாமல் இருக்க இது அவசியம்.

நான் விழுந்த கதைக்கு மருந்து இங்கேதான் இருக்கிறது, கவனியுங்கள். ஒவ்வொரு பலகையின் முனையும் ஒரு சட்டத்தின் மேலே முடிய வேண்டும். இரண்டு பலகை சந்திக்கும் இடம் சட்டத்தின் நடுமத்தியில் வரவேண்டும், ஆளுக்குப் பாதியாக. எந்த முனையும் அந்தரத்தில் நீட்டிக்கொண்டு நிற்கக் கூடாது. பலகை நீளமாக இருந்தால் அறுக்கத்தான் வேண்டும். 'வீணாகிறதே' என்று பார்த்தால் என் காலை நினைத்துக்கொள்ளுங்கள். ஒரே சட்டத்தின் மேலேயே எல்லாப் பலகைகளின் இணைப்பும் வராமல், செங்கல் கட்டுகிற மாதிரி மாற்றி மாற்றி வரும்படியும் பார்த்துக்கொண்டார்.

ஆணி அடிக்கவில்லை. திருகாணிதான். ஆணி அடிக்கிற அடியில் மேலே ஓடு நகர்ந்துவிடும், பழைய சுவரில் காரை உதிரும். தவிர, நாளைக்குக் கரையான் வந்ததா என்று பார்க்க ஒரு பலகையைக் கழற்ற வேண்டுமானால், ஆணியைப் பிடுங்கும்போது பலகை பிளந்துவிடும். திருகாணியைச் சுகமாகக் கழற்றிவிடலாம். இரண்டரை அங்குலத் திருகாணி, ஒவ்வொரு சட்டத்திலும் பலகைக்கு இரண்டு. முதலில் சின்னதாகத் துளை போட்டுவிட்டுத்தான் முடுக்கினார். நேரே முடுக்கினால் முனையில் மரம் வெடிக்கும். பலகைகளின் விளிம்பில் காடி எடுத்து ஒன்றன்மேல் ஒன்று ஏறி உட்காரும்படி செய்ததால் தூசு விழுவதும் நின்றது. மழைக்காலத்தில் மரம் ஊதும், அதனால் நாணயத்தின் கனத்துக்கு இடம் விட்டிருந்தார். பரணின் திறந்த பக்கத்தில் மூன்று அங்குல உயரத்துக்கு ஒரு விளிம்புக் கட்டை. இதைச் செய்யாதவர்கள் அநேகம். செலவு ரொம்பச் சொற்பம். அது இருந்திருந்தால் உரல் அங்கேயே தடுத்து நின்றிருக்கலாம்.

ஒன்றைச் சொல்ல விட்டுவிட்டேனே. பலகை போடுமுன் எலெக்ட்ரீஷியனைக் கூப்பிட வேண்டும் என்று ஆசாரியேதான் சொன்னார். வந்து பார்த்தால் சட்டத்தின் மேலே ஓடிய ஒயரை எலி கடித்துச் செம்புக் கம்பி தெரிந்தது. அதன் மேலேதான் நான் ஒரு மாதமாகச் சாக்கு மூட்டையை வைத்திருந்தேன்! ஒயர் முழுவதையும் மாற்றி, பி.வி.சி. குழாய்க்குள் விட்டு, சுவரோரமாகக் கொண்டுபோனார். குழாய் எந்த வழியே போகிறது என்று பலகை மேல் சிவப்புப் பெயிண்டில் கோடு போடச் சொன்னேன், பின்னால் யாராவது அங்கே திருகாணி போடாமல் இருக்க. மெயினில், மின்கசிவு ஏற்பட்டால் தானாக நின்றுபோகும் ஸ்விட்சும் அன்றைக்கே போட்டாயிற்று. ஓடும் அப்படித்தான். ஒழுகுகிற ஓட்டை மாற்றிவிட்டு, ஒரு மழை பார்த்துவிட்டுப் பலகை போடுங்கள். பலகை போட்டபின் ஒழுகினால் சொட்டுவது கீழே தெரியாது. மேலேயே ஊறி மரம் கெடும்.

மாடி வீட்டில், அடுக்குமாடிக் குடியிருப்பில் இருப்பவர்கள் "எங்களுக்கு என்ன, கான்கிரீட் லாஃப்ட்தானே" என்று புரட்டிவிடாதீர்கள். அந்த லாஃப்ட் பெரும்பாலும் சுவரிலிருந்து கை நீட்டின மாதிரி நிற்பது. முன் பக்கத்தில் தாங்கல் கிடையாது. நீட்டின கையில் தோளருகே ஒரு வாளியைத் தொங்கவிடுவதற்கும் விரல் நுனியில் தொங்கவிடுவதற்கும் வித்தியாசம் உண்டல்லவா? அதே கதைதான் இங்கேயும். கனமானதை உள்ளே சுவரை ஒட்டித் தள்ளுங்கள், விளிம்பில் வைக்காதீர்கள். இடம் போதவில்லை என்று பலகையைப் போட்டு வெளியே நீட்டவே நீட்டாதீர்கள். லாஃப்டின் மேல்பக்கம் சுவரோடு சேரும் இடத்தில் விரிசல் தெரிந்தால் எல்லாவற்றையும் இறக்கிவிட்டு எஞ்சினீயரைக் கூப்பிடுங்கள். வாடகை வீடானால் வீட்டுக்காரரிடம் சொல்லுங்கள், சங்கடப்பட வேண்டாம்.

ஏறுகிற விஷயத்துக்கு வருவோம். பெரும்பாலும் நாம் என்ன செய்கிறோம்? மேஜை மேல் ஸ்டூல், ஸ்டூல் மேல் நாம். அதுவும் வீட்டில் யாரும் இல்லாத மத்தியான நேரத்தில், 'ஒரே நிமிஷ வேலை' என்று. ஏணி வேண்டும். சாய்ப்பு ஏணியானால் எட்டடி உயரத்துக்கு அடிப்பக்கம் சுவரிலிருந்து இரண்டடி தள்ளி இருக்கட்டும். நாலுக்கு ஒன்று என்பது கணக்கு. ஏணியின் தலை பரணைத் தாண்டி இரண்டு மூன்றடி மேலே நீண்டிருந்தால் இறங்கும்போது பிடித்துக்கொள்ள வாகாக இருக்கும். காலடியில் ஒருவர் பிடித்துக்கொள்ள வேண்டும், ஆனால் அவர் தவிர வேறு யாரும் கீழே நிற்கக் கூடாது. குழந்தையை அடுத்த அறைக்குக் கொண்டுபோய்விட்டு ஏறுங்கள். புடவைக் கொசுவத்தைத் தூக்கிச் செருகி, தலைப்பை இடுப்பில் சுற்றிக்கொள்ளுங்கள். பரணில் நின்ற நிலையில் ஓடு தலையில் இடிக்கும், ஆகவே உட்கார்ந்தே நகருங்கள். கையில் சாமானோடு இறங்கவே கூடாது. கூடையில் கயிறு கட்டி இறக்குங்கள்.

யார் ஏறக் கூடாது? கர்ப்பிணிகள், பிள்ளை பெற்று உடம்பு தேறாதவர்கள். ரத்த அழுத்தத்துக்கு மாத்திரை சாப்பிடுகிறவர்கள் சிலருக்கு அண்ணாந்து கையைத் தூக்கினால் கிறுகிறுக்கும். மாதவிலக்கு நின்ற பெண்களுக்கு எலும்பு உறுதி குறைந்திருக்கும். சின்ன விழுகைக்கே இடுப்பெலும்பு முறிந்து மாதக் கணக்கில் படுக்கையில் கிடக்க நேரும். நான் ஏறினபோது எனக்கு 54 வயது. விட்டம் மட்டும் கைக்கு அகப்பட்டிராவிட்டால் இந்தப் பகுதியை வேறு யாராவது எழுதிக்கொண்டிருப்பார்கள்.

அப்படியும் யாராவது விழுந்துவிட்டால், பதறிப் போய்த் தூக்கி உட்கார வைக்காதீர்கள். கழுத்திலோ முதுகிலோ வலி என்றால், கை கால் மரத்திருந்தால், அசைக்காமல் அப்படியே படுக்க வைத்து 108-க்குச் சொல்லுங்கள். தலையில் அடிபட்டு, பிறகு வாந்தி, தூக்கக் கலக்கம், விடாத தலைவலி, மூக்கிலோ காதிலோ நீர் அல்லது ரத்தம் என்று எது தெரிந்தாலும் ஆஸ்பத்திரிதான். கர்ப்பிணிப் பெண் விழுந்தால் வலி இல்லாவிட்டாலும் அன்றைக்கே டாக்டரிடம் காட்ட வேண்டும்.

பரணில் எதை வைக்கக் கூடாது என்பதை அதிகம் விஸ்தரிக்கவில்லை. மண்ணெண்ணெய், பெயிண்ட், தின்னர், பூச்சி மருந்து, ஸ்ப்ரே டப்பாக்கள், மருந்து மாத்திரை இவை கூடாது. சித்திரை வெயிலில் ஓட்டுக்கடியில் இருக்கும் சூட்டைக் கையை வைத்துப் பார்த்தாலே தெரியும். சுத்தம் செய்யும்போது எலிப் புழுக்கையை உலர்ந்தபடி பெருக்காதீர்கள், தூசோடு மூக்கில் ஏறும். கிருமிநாசினி கலந்த தண்ணீர் தெளித்து, ஊறவிட்டு, மூக்கைக் கட்டிக்கொண்டு துணியால் வழித்தெடுங்கள். மூலையில் கை வைக்குமுன் ஒரு குச்சியால் தட்டுங்கள், தேள் இருக்கும்.

ரசகற்பூர உருண்டையைப் பற்றி மட்டும் கொஞ்சம் நின்று சொல்ல வேண்டும். அந்துருண்டை, பாச்சை உருண்டை என்கிறோமே, அதுதான். என் பெண்ணுக்குக் கட்டின தூளிப் புடவையையும் சின்னச் சட்டைகளையும் அந்த உருண்டை போட்டுத்தான் பெட்டியில் வைத்திருந்தேன். பேத்திக்கு அப்படியே எடுத்துப் போடுவதாக இருந்தேன். குழந்தை டாக்டர் அம்மாள் தற்செயலாகக் கேட்டதால் தப்பித்தேன். சில குழந்தைகளுக்குப் பிறவியிலேயே 'ஜி6பிடி' என்ற ஒரு நொதி குறைவாக இருக்குமாம். அப்படிப்பட்ட குழந்தைக்கு இந்த உருண்டை வைத்த துணியின் வாசனையே போதும், ரத்தச் சிவப்பணுக்கள் உடைந்து கடுமையான மஞ்சள் காமாலையும் சோகையும் வந்துவிடும். நம் குழந்தைக்கு அந்தக் குறை உண்டா இல்லையா என்று வெளியே பார்த்துத் தெரியாது. ஆகவே குழந்தைத் துணி இருக்கும் பெட்டியில் அந்த உருண்டையே வேண்டாம். நன்றாக உலர்ந்த வேப்பிலையும் வசம்பும் போதும். எடுத்துத் துவைத்து, ஒரு நாள் முழுக்க வெயிலில் போட்டுவிட்டு உபயோகியுங்கள்.

மன்னார்குடிச் சகோதரிக்கு இன்னும் ஒரு வார்த்தை. பலகை அடித்து முடித்ததும் சாமானை ஏற்றுமுன், அறைக்குள் நின்று, குழந்தை எங்கே படுக்கும், தூளி எங்கே தொங்கும் என்று கீழேயிருந்து பாருங்கள். அதற்கு நேர் மேலே இருக்கும் பலகையில் சாக்கட்டியால் ஒரு கட்டம் போட்டுவிடுங்கள். அந்தக் கட்டத்துக்குள் ஒன்றையும் வைக்காதீர்கள், தலையணையைக்கூட. எங்கள் வீட்டில் இன்றைக்கும் அந்தக் கட்டம் காலியாகத்தான் இருக்கிறது. தூளியின் கொக்கியையும் பரணின் விட்டத்திலிருந்து கழற்றி, பாரம் எதுவும் இல்லாத கூடத்து உத்தரத்துக்கு மாற்றிவிட்டோம்.

புத்தகக் கட்டுகளை என்ன செய்தீர்கள் என்று கேட்பீர்கள். 71 கிலோவில் 60 கிலோ அந்தப் பேப்பர்க்காரரோடேயே போயிற்று. மிச்சம் அலமாரியின் அடித்தட்டில். அண்டா இரண்டையும் நாத்தனார் வீட்டுக் கல்யாணத்துக்குக் கொடுத்தேன், அவள் திருப்பித் தரவில்லை, நானும் கேட்கவில்லை. அந்த இரும்பு உரல் கொல்லைக் கதவு காற்றில் அடித்துக்கொள்ளாமல் முட்டுக்கொடுத்து நிற்கிறது. தரையில் விழுந்த பள்ளத்தைப் பூசிவிடலாம் என்று அவர் வருஷா வருஷம் சொல்கிறார். நான்தான் இருக்கட்டும் என்று விட்டுவைத்திருக்கிறேன்.

அடுத்த இதழில், கொலுப் பொம்மைகளை உடையாமல் கட்டி வைப்பது எப்படி என்று மூன்று சகோதரிகள் கேட்டிருப்பதற்குப் பதில்.